ராஜாவின் பெருவிரல்

ஆஸ்பத்திரி ஊழியர் ஆண்டு மலருக்கு ஒரு கட்டுரை வேண்டும் என்று கவிதா வீட்டுக்கே வந்துவிட்டாள். நான் ஓய்வு பெற்றபோது வேலைக்குச் சேர்ந்த பெண். இப்போது ஈப்போவில் ஒரு கிளினிக்கில் என் பழைய நாற்காலியைப் போன்ற ஒன்றில் உட்கார்ந்திருக்கிறாள். எதைப் பற்றி எழுத வேண்டும் என்று கேட்டேன்.

"புதுசா வர்றவங்களுக்கு ஊக்கம் தர்ற மாதிரி எதையாவது எழுதுங்கண்ணே."

முப்பத்தாறு வருடம் சீழ் துடைத்தவனிடம் கேட்கிற கேள்வியா இது? ஊக்கம் வேண்டுமானால் காலையில் ஒரு கறுப்புக் கோப்பி குடியுங்கள். முடியாது என்று சொல்லி அனுப்பத்தான் இருந்தேன். அதற்குள் பையிலிருந்து பலகை மாதிரி ஒன்றை எடுத்துக் காட்டினாள்.

"இனிமே பேப்பர் பாரமெல்லாம் கிடையாதுலா அண்ணே. ஆப்பரேசனுக்குச் சம்மதம்னா இதுல விரல வச்சா போதும்."

'விரல வச்சா போதும்.' இந்த வார்த்தையை என் வாழ்க்கையில் இரண்டு முறை ஒரே கட்டிலுக்குப் பக்கத்தில் கேட்டிருக்கிறேன். ஒரு முறை சொன்னவன் நான். அடுத்த முறை சொன்னவன் கோட்டு போட்டுக்கொண்டு வந்திருந்தான். கட்டிலில் கிடந்தவர் ஒரு ராஜா. சரி, எழுதித் தருகிறேன் போ என்றேன்.

எந்த நாட்டு ராஜா என்று கேட்காதீர்கள். சொல்லமாட்டேன் என்று அப்போதே எழுதி வாங்கிவிட்டார்கள். அந்தத் தீவின் பெயரும் அப்படித்தான். பேராக் கரையிலிருந்து மீன்பிடிப் படகில் மூன்று மணி நேரம், அலை இருந்தால் நாலரை. அதற்குமேல் வரைபடத்தில் தேடுகிறவர்கள் தேடிக்கொள்ளுங்கள்.

என் பெயர் மாரிமுத்து. பத்து காஜாவுக்கு அந்தப் பக்கம் ஒரு ரப்பர் தோட்டத்தில் பிறந்தேன். அம்மா பால்மரம் வெட்டிப் பால் எடுத்தார். மருத்துவ உதவியாளர் பயிற்சி மூன்று வருடம். ஊசி போடவும் தையல் போடவும் அங்கே கற்றுக்கொண்டேன். டாக்டர் திட்டும்போது சுவரைப் பார்ப்பதை நானாகக் கற்றேன். என் கைராசி கட்டுப்போடுவதில்தான். எங்கே பெரிய புண் இருந்தாலும் "மாரியைக் கூப்பிடு" என்பார்கள். வாயையும் கையைப் போல வைத்திருந்தால் நானும் பெரிய பதவிக்குப் போயிருப்பேன். ஒரு நாள் ஆய்வுக்கு வந்த பெரிய அதிகாரி கைகழுவாமல் நோயாளியின் புண்ணைத் தொடப் போனார். "ஐயா, புண்ணுக்குத் தொத்திடும்" என்று எல்லார் முன்னாலும் சொல்லித் தொலைத்தேன். அடுத்த மாதம் மாற்றல் கடிதம். வாய்க்கொழுப்பு உள்ளவர்களுக்கு இயற்கை அழகு நிறைந்த இடங்களாகப் பார்த்துக் கொடுப்பது வழக்கம். ஆக அந்தத் தீவுக்கு நாடு கடத்தப்பட்டவர்கள் இரண்டு பேர். ஒருவர் ராஜா, இன்னொருவன் நான்.

தீவில் ஓர் அறை கிளினிக், இரண்டு காவல்காரர்கள், ராஜாவுக்கு ஒரு பழைய பங்களா, மூன்று ஆடுகள், சமையலுக்குச் செல்லம்மாக்கா. அக்கா பாகான் டத்தோ தென்னந்தோட்டத்துக்காரி. ராஜாவோடு தமிழில்தான் பேசுவாள். அவர் ஆங்கிலத்தில் பதில் சொல்வார். இருவருக்கும் மற்றவர் பேசுவது ஓர் எழுத்துப் புரியாது. ஆனாலும் என்னையும் என் பெண்டாட்டியையும்விட நன்றாகவே பேசிக்கொண்டார்கள். அவரோடும் அவர் முன்னாலும் ஆங்கிலத்தில் பேசியதையெல்லாம் நான் இங்கே தமிழில் எழுதுகிறேன்.

முதல் நாள் காலை ஏழு மணிக்குப் பங்களாவுக்குப் போனேன். வாசலில் காவல்காரர் இருவர், அக்கா, படகுக்காரன் எல்லாரும் வரிசையாக நின்றுகொண்டிருந்தார்கள். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. தோட்டத்தில் விடியற்காலையில் ஆள்களை வரிசையாக நிறுத்திப் பேர் கூப்பிடுவார்களே, பெரட்டு, அது மாதிரியே இருந்தது. படியில் ஒரு கிழவர் நின்றார். கோடு போட்ட சட்டை, இடுப்பில் கைலி, ஒரு காலில் செருப்பு, மறு காலில் அழுக்குக் கட்டு. அவர் ஒவ்வொருவரிடமும் வந்து "குறை ஏதாவது உண்டா?" என்று கேட்டார். எல்லாரும் இல்லை என்றார்கள். அக்கா மட்டும் கையை நீட்டி நீட்டிப் பேசினாள்.

"ராசாவே, அந்த மீன்காரன் இன்னைக்கும் பழைய மீனக் கொடுத்திட்டுப் போயிட்டான். கண்ணு செவந்து கெடக்கு. நீங்க கேக்கமாட்டீங்களா?"

ராஜா தலையை அசைத்து முழுவதும் கேட்டார். பிறகு "கவனிக்கப்படும்" என்றார். ஒன்றும் கவனிக்கப்படவில்லை. நான் அங்கே இருந்த காலம் முழுக்க அதே மீன்காரன், அதே மீன், அதே முறைப்பாடு, அதே பதில். ஒரு நாளும் தவறாமல் தினமும் காலை ஏழு மணிக்கு நடந்தது.

அன்றே அவருக்கு நோயாளி அட்டை போட்டேன். பெயர், வயது எல்லாம் எழுதியாயிற்று. 'தொழில்' என்ற இடம் வந்தது.

"அரசர்" என்றார்.

"ஐயா, உங்களை இறக்கிவிட்டுட்டாங்கன்னு சொன்னாங்களே."

"அவர்கள் இறக்கிவிட்டார்கள். நான் இறங்கவில்லை."

எனக்கென்ன, எழுதிவிட்டேன். மாதா மாதம் வரும் டாக்டர் தவமணி அந்த அட்டையைப் பார்த்தார். உடனே சிவப்புப் பேனாவை எடுத்து 'அரசர்' என்பதை அடித்து 'தொழில் இல்லை' என்று எழுதினார்.

டாக்டரைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். யாழ்ப்பாணத்து வம்சத்துப் பெண்மணி. அப்பா ரயில்வேயில், அண்ணன் வக்கீல், வீட்டில் எல்லாரும் ஏதாவது ஒன்றில் முதல். படகில் ஏறினால் தீவு வரும்வரை வாந்தி எடுப்பார். இறங்கியதும் வாயைக் கொப்பளித்துவிட்டு நேரே நான் வைத்தியம் எழுதும் கட்டுப் புத்தகத்தைத்தான் கேட்பார். நோயாளியைப் பிறகுதான் பார்ப்பார். ஒரு காயத்தைக் கழுவிவிட்டு எழுத மறந்தால் தொலைந்தோம்.

"எழுதாதது நடக்கேல்ல, மாரிமுத்து. நடக்காதது எழுதப்படாது. விளங்குதே?"

இந்த இரண்டு வாக்கியத்தையும் நான்கு வருடத்தில் நானூறு தடவையாவது கேட்டிருப்பேன். அவர் சிரித்து நான் பார்த்ததில்லை. எனக்கு அவரைப் பிடிக்காது என்று அப்போது எல்லாரிடமும் சொல்லிக்கொண்டு திரிந்தேன்.

மறு நாள் நான் மறுபடி 'அரசர்' என்று எழுதினேன். அவர் அடுத்த மாதம் மறுபடி அடித்தார். அட்டை கிழிந்து மூன்று முறை புதிது போட்டோம்.

ராஜாவுக்கு இனிப்புநீர் நோய். இடது கால் பெருவிரலில் புண். தினமும் காலை பெரட்டு முடிந்ததும் கட்டுப் பிரிப்பேன். புதியவர்கள் இதைக் கவனியுங்கள், ஊக்கத்துக்குப் பதிலாக இதையாவது எடுத்துக்கொள்ளுங்கள். பழைய கட்டை அப்படியே பிய்க்கக்கூடாது. உப்புத் தண்ணீர் ஊற்றி ஊறவிட வேண்டும், அது தானே விட்டுக்கொடுக்கும் வரைக்கும். புண்ணை உள்ளேயிருந்து வெளியே துடைக்க வேண்டும். ஒரு பஞ்சு ஒரு துடைப்பு. பிறகு ரத்தத்தில் சீனி பார்க்க விரலில் குத்த வேண்டும். விரல் நுனியின் நடுவில் குத்தாதீர்கள், அங்கேதான் வலி. ஓரத்தில் குத்துங்கள். பெருவிரலை விட்டுவிடுங்கள், அதை வைத்துத்தான் மனிதன் எதையும் பிடிக்கிறான்.

கட்டுப்போடும் நேரத்தில் ராஜா கதை சொல்வார். பாதி பொய்யாகத்தான் இருக்கும். நான் கட்டிய கட்டு அவிழவே இல்லை என்று மகிழ்ந்து ஒரு நாள் எனக்கு 'அரண்மனைத் தலைமை வைத்தியர்' என்று பட்டம் கொடுத்தார். அவர் வீற்றிருந்த அரண்மனைக் கூரையில் ஒரு பக்கம் ஒழுகியது. இன்னொரு நாள் நான் கேட்டேன்.

"ஐயா, நான் இனிமே ராஜா இல்லைன்னு ஒரு கையெழுத்துப் போட்டா உங்க ஊருக்கே விட்டுருவாங்களாம்ல? போட்டுட்டுப் போக வேண்டியதுதானே? இங்க இந்த மீனைத் தின்னுக்கிட்டு என்ன பண்றீங்க?"

அவர் காலைப் பார்த்துக்கொண்டே சொன்னார்.

"எனக்கு ஒரு டிரைவர் இருந்தான். இன்னும் சிறையில் இருக்கிறான். ராஜா திருடன் என்று ஒரு தாளில் கையெழுத்துப் போடு, விட்டுவிடுகிறோம் என்றார்கள். அவன் போடவில்லை. இத்தனைக்கும் நான் அவனை ஒரு நாள்கூட நன்றாக நடத்தியதில்லை. மழையில் குடை பிடிக்கவில்லை என்று அடித்திருக்கிறேன். அவன் போடாதபோது நான் போடலாமா?"

நான் குனிந்து கட்டின் நுனியைச் செருகினேன்.

அன்றிலிருந்து ஒன்றைக் கவனித்தேன். அவர் எதிலும் கையெழுத்துப் போடுவதில்லை. பட்டம் இல்லாமல் பேர் அச்சடித்த எந்தத் தாளையும் தொடமாட்டார். தபால் ரசீதில்கூட இல்லை.

நான் போன நாலாவது வருடம் மழைக்காலத்தில் புண் உள்ளே போய்விட்டது. கால்விரல் கறுத்தது. நாற்றம் எனக்குத் தெரிந்த நாற்றம். ரேடியோவில் டாக்டரைக் கூப்பிட்டேன். ராஜாவைப் படகில் கிடத்திக் கரையிலிருந்த ஓர் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனோம். டாக்டர் தவமணி வாசலிலேயே நின்றார். இன்றைக்கே இரண்டு விரலை எடுத்தால் கால் தப்பும், நாளைக்கு என்றால் கால், அதற்குப் பிறகு ஆளே இல்லை என்றார்.

அறுவைக்குச் சம்மதப் பாரம், அந்தப் படிவம், வந்தது. பட்டம் கிடையாது, வெறும் பேர்தான். ராஜா முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

"இதில் நான் கையெழுத்துப் போட்டால், வெறும் பேரில் கையெழுத்துப் போட்டான் என்று நாளைக்கே அங்கே அச்சடிப்பார்கள்."

கையெழுத்து இல்லாமல் கத்தி வைக்க முடியாது என்று அறுவை டாக்டர் போய்விட்டார். அவர் மேல் தப்பில்லை. மத்தியானம் போனது. காய்ச்சல் ஏறியது. கால் வீங்கிக்கொண்டே போனது. நான் கட்டிலுக்கும் வராந்தாவுக்குமாக நடந்தேன். நான்கு வருடம் என் கையால் கழுவிய கால். ஒரு கோடு கிறுக்க மாட்டேன் என்பதற்காக இந்த மனுசன் சாகப் போகிறாரே என்று எனக்குக் கோபம் கோபமாக வந்தது.

அப்போதுதான் என் அம்மா ஞாபகத்துக்கு வந்தார். அம்மாவுக்கு எழுதத் தெரியாது. தோட்டத்து ஆபீசில் எதற்கும் கைநாட்டுத்தான். கணக்கெழுதும் கிராணி மைப்பெட்டியைத் தள்ளிவிட்டு "விரல வை" என்பார். எந்தத் தாள், என்ன எழுதியிருக்கிறது என்று எங்கள் லயத்து வீடுகளில் ஒருவரும் கேட்டதில்லை. கைநாட்டு என்றால் எங்களுக்கு ஒரு மரியாதையும் இல்லாத சமாச்சாரம். கையெழுத்துத்தான் படித்தவன் சொத்து. கைநாட்டால் என்ன போய்விடப் போகிறது?

"ஐயா," என்றேன். "கையெழுத்துல பேர் இருக்கு. பேர்ல பட்டம் இருக்கு. விரல்ல என்னா இருக்கு? ராஜா விரலும் எங்கம்மா விரலும் ஒன்னுதான். எழுத வேணாம். விரல வச்சா போதும்."

ராஜா தன் பெருவிரலைப் பார்த்தார். பிறகு டாக்டரைப் பார்த்தார். டாக்டர் பாரத்தைப் படித்தார்.

"கையெழுத்திட இயலாதவர் விரல் அடையாளம் வைக்கலாம் எண்டுதான் இருக்கு. ஏன் இயலாது எண்டு பாரம் கேக்கேல்ல."

"எழுதப் படிக்கத் தெரியாதவங்களுக்குத்தானே டாக்டர் அது?" என்று நான் வாயை விட்டேன்.

ராஜாவுக்குக் காய்ச்சலிலும் சிரிப்பு வந்தது. "என் ஊரில் என்னைத் திருடன் என்கிறார்கள். தற்குறி என்றால் அது எனக்குப் பதவி உயர்வு" என்றார்.

விரலை வைத்தார். சாட்சியாக நான் கையெழுத்துப் போட்டேன். இரண்டு விரலோடு போயிற்று, கால் தப்பியது. அன்றைக்கு எனக்கு இருந்த தலைக்கனத்துக்கு வாசலில் தலை இடிக்காமல் வெளியே வந்ததே அதிசயம்.

மூன்றாம் நாள் காலை கோட்டு போட்ட ஆள் வந்தான். ராஜாவின் நாட்டுக்காரன். பார்க்க அனுமதிக் கடிதம் வைத்திருந்தான். காவல்காரர் விட்டுவிட்டார். ராஜாவைப் பற்றிய எந்தத் தாளின் நகலும் அவர்களுக்குப் போகும் என்பது எனக்கு அப்போதுதான் தெரிந்தது. ராஜா வலி மருந்தில் அரை மயக்கத்தில் கிடந்தார். வந்தவன் பெட்டியைத் திறந்து தடித்த தாள் ஒன்றையும் புத்தம்புது மைப்பெட்டி ஒன்றையும் எடுத்து வைத்தான். என்னைப் பார்த்து நல்ல மரியாதையாகச் சொன்னான்.

"இத்தனை வருடம் கையெழுத்துக் கேட்டுக்கொண்டிருந்தோம். விரல் வைக்கலாம் என்று நீங்கள்தான் வழி காட்டினீர்கள். நன்றி. ஒரு நிமிட வேலை. விரலை வைத்தால் போதும்."

சும்மா கிடந்த சங்கை ஊதிக் கெடுத்தான் ஆண்டி என்பார்கள். ஆண்டி நான்தான். சிறையில் இருக்கும் அந்த டிரைவர், முகம் தெரியாத மனிதன், என் முன்னால் வந்து நின்ற மாதிரி இருந்தது.

அவன் மைப்பெட்டியின் மூடியைத் திருகிக்கொண்டிருந்தான். என் கைக்கு எட்டிய தூரத்தில் கட்டுத்துணி இருந்தது. எனக்கு வேறென்ன தெரியும்? ராஜாவின் வலது கையைத் தூக்கினேன், பெருவிரலைச் சுற்றினேன். என் வாழ்நாளில் அத்தனை வேகமாகக் கட்டியதில்லை.

"காயம்" என்றேன்.

"எனக்கு ஒன்றும் தெரியவில்லையே."

"அதுதான் கட்டியிருக்கு."

"இடது கை போதும்" என்றான். இடது பெருவிரலையும் கட்டினேன். அவனுக்கு மரியாதை போய்விட்டது. கட்டை அவிழ் என்று கத்தினான். சத்தம் கேட்டு டாக்டர் தவமணி உள்ளே வந்தார்.

வந்தவன் எல்லாவற்றையும் சொன்னான். டாக்டர் அந்தத் தடித்த தாளை எடுத்து நின்றபடியே முழுவதும் படித்தார். திருப்பி வைத்தார். பிறகு என் பக்கம் கையை நீட்டினார்.

"கட்டுப் புத்தகம்."

கொடுத்தேன்.

"ரெண்டு பெருவிரலிலும் கட்டு. காயம் எங்க எழுதியிருக்கு?"

"எழுதல டாக்டர்."

"எழுதாதது நடக்கேல்ல. காயமில்லாமல் என்னத்துக்குக் கட்டினனீர்?"

கோட்டுக்காரன் சிரித்தான். நான் சுவரைப் பார்த்தேன். போச்சு, எல்லாம் போச்சு என்று நினைத்தேன். அந்த நேரத்தில் டாக்டரம்மா மேல் எனக்கு வந்த ஆத்திரத்தை இங்கே எழுத முடியாது.

"அவிழும்" என்றார்.

அவிழ்த்தேன்.

"சீனி பாத்ததோ இண்டைக்கு?"

"இன்னும் இல்ல டாக்டர்."

"ஊசியைக் கொண்டாரும்."

கொண்டுவந்தேன். டாக்டர் ராஜாவின் வலது பெருவிரலை எடுத்து, ஓரத்தில் இல்லை, நுனிக்கு நட்ட நடுவில் நறுக்கென்று ஒரு குத்துக் குத்தினார். ராஜா மயக்கத்திலேயே முனகினார். ஒரு சொட்டு ரத்தம் வந்தது. டாக்டர் கடிகாரத்தைப் பார்த்துப் புத்தகத்தில் தானே எழுதினார்: 'வலது பெருவிரலில் குத்துக்காயம். இனிப்புநீர் நோயாளி. கிருமி தொற்றும் அபாயம். கட்டுப்போடவும். திறக்கக் கூடாது.'

"இப்ப கட்டும்" என்றார்.

கட்டினேன். இடது பெருவிரல். குத்தினார், எழுதினார், கட்டினேன்.

"ஆட்காட்டி விரல் இருக்கிறது" என்றான் அவன், பல்லைக் கடித்துக்கொண்டு.

"ஒரு குத்தில கருவி பிழையாக் காட்டும். திருப்பிப் பாக்கவேணும்" என்றார் டாக்டர், அவனைத் திரும்பிக்கூடப் பார்க்காமல். ஆட்காட்டி விரல். மறுபடி நடுவிரல். கோட்டுக்காரன் நின்று பார்த்துக்கொண்டே இருந்தான். பத்து விரலும் முடிந்தபோது ராஜாவின் இரண்டு கையும் பொட்டலம் கட்டின மாதிரி ஆகிவிட்டன. புத்தகத்தில் பத்து வரி. எல்லாம் நடந்தவை, எல்லாம் எழுதியவை. அவன் மைப்பெட்டியை மூடிக்கொண்டு போனான். மேலிடத்துக்கு முறைப்பாடும் போட்டான். விசாரணைக்கு வந்தவர்கள் புத்தகத்தைப் புரட்டிவிட்டு, பதிவுகள் மிக ஒழுங்காக இருக்கின்றன என்று டாக்டரைப் பாராட்டிவிட்டுப் போனார்கள்.

ராஜா சாயங்காலம் முழித்துக் கையைப் பார்த்தார். "எந்தப் போரில் தோற்றேன்?" என்று கேட்டார். நான் நடந்ததைச் சொல்லி அழுதுவிட்டேன். என் புத்தியால் வந்த வினை ஐயா, மன்னித்துவிடுங்கள் என்றேன். அவர் டாக்டர் இருந்த திசையைப் பார்த்தார். "அந்தப் பெண் என்னை எந்த மந்திரியும் குத்தியதைவிட அதிகமாகக் குத்தியிருக்கிறாள். ஆனால் இவள் ஒருத்திதான் எனக்காகக் குத்தினாள்" என்றார். நான்கு நாள் அவருக்குச் சோறு நான்தான் ஊட்டினேன். அரண்மனைத் தலைமை வைத்தியர் அல்லவா.

தீவுக்குத் திரும்பினோம். அதற்குப் பிறகு அவர் எட்டு மாதம் இருந்தார். தாள் நீட்டிக்கொண்டு யாரும் வரவில்லை. இருதயம்தான் கைவிட்டது. கடைசி நாள் எழுந்து நிற்க முடியவில்லை. ஏழு மணிக்குக் கட்டிலைச் சுற்றி எங்களை நிற்கச் சொன்னார். குறை ஏதாவது உண்டா என்று ஒவ்வொருவரையும் பார்த்தார். செல்லம்மாக்கா முந்தானையால் வாயை மூடிக்கொண்டு அழுதாள். நான் முழங்கையால் இடித்தேன்.

"சொல்லுக்கா. எப்பவும் சொல்றத சொல்லு."

"ராசாவே," என்றாள் அக்கா, "அந்த மீன்காரன் இன்னைக்கும் பழைய மீனத்தான் கொடுத்திட்டுப் போறான்."

அவர் முழுவதும் கேட்டார். "கவனிக்கப்படும்" என்றார். பத்து மணிக்குப் போய்விட்டார்.

டாக்டர் மத்தியானம் வந்தார். வழக்கம்போல வாந்தி எடுத்து, வாயைக் கொப்பளித்து, உடலைப் பார்த்துவிட்டுப் பாரத்தைக் கேட்டார். இறப்புப் பாரத்தை நான் எழுதி வைத்திருந்தேன். தொழில் என்ற இடத்தில் 'அரசர்' என்றே போட்டிருந்தேன். அடிக்கட்டும், கடைசி முறை அடிக்கட்டும் என்றுதான் போட்டேன். சிவப்புப் பேனா வெளியே வந்தது. மூடியைக் கழற்றினார். அந்த இடத்துக்கு மேலே பேனா நின்றது.

"கடைசியா எப்ப வேலை பாத்தவர்?"

"இன்னைக்குக் காலையில ஏழு மணிக்கு, டாக்டர்."

"முறைப்பாடு ஏதும் வந்ததோ?"

"ஒன்னு வந்துச்சு. மீன்காரன் மேல."

டாக்டர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். கடல் காற்று என்று சொல்லிக்கொண்டார்.

"அப்ப வேலையில இருக்கேக்கதான் செத்தவர். இதில அடிக்க ஒண்டுமில்லை."

பேனாவைக் கீழே கொண்டுபோய்ச் சிவப்பு மையிலேயே கையெழுத்துப் போட்டார்.